பாடாமல் விட்ட ஏசல்

கொஞ்சம் தள்ளி உக்காருங்கம்மா. பையா? பை மடியிலேயே இருக்கட்டும். உள்ள பலகாரச் சட்டி இருக்கு, கீழ வச்சா உருண்டுரும்.

அந்தா, டிரைவருக்குப் பின்னால பச்சைத் துப்பட்டி போட்டு இருக்காளே, அவ என் மவ ஜெசிமா. ஒரே மவ. எட்டு மாசம். பின்னால இருந்தா தூக்கித் தூக்கிப் போடும்னு கண்டக்டர் தம்பி அங்கன எடம் புடிச்சிக் குடுத்தாரு, நல்லா இருப்பாரு. கடையநல்லூர்ல கட்டிக் குடுத்திருக்கு. நமக்கு மேலப்பாளையம். தலைப் பிரசவத்துக்குக் கூட்டிட்டுப் போறேன்.

சந்தோசம்தான். யாரு இல்லைன்னா? என் மொகத்தைப் பாத்தா தெரியலையோ? எப்படித் தெரியும், காலையில இருந்து ரத்தம் கொதிச்சிட்டுல்லா கெடக்கு. என் சம்பந்தி, மருமவனைப் பெத்தவ, தௌலத்து பீவின்னு பேரு, அவ வீட்டு வாசப்படியை மிதிச்சிட்டு வாறேன். ஒண்ணே முக்கால் வருசமா மிதிக்க மாட்டேன்னு இருந்தவ நான். மறுவீட்டுக்குப் போகல. ரெண்டு பெருநாளைக்குப் போகல. மவ முழுகாம இருக்கான்னு சேதி வந்தப்பகூட, தெருவுக்கெல்லாம் சீனி குடுத்தேனே தவிர அந்தப் படிக்குப் போகல. என்னத்துக்குன்னு கேளுங்க. அந்தப் பொம்பளை எங்க வீட்டு ஆளை, ஜெசிமா வாப்பாவை, உயிரோட மவுத்தாக்கினவ. எரநூறு பொம்பளைக்கு மத்தியில, கல்யாண வீட்டுல, என் மவ தலையில பூ வாடுறதுக்கு முந்தி.

ஐயோ, கத்தியால குத்தலைம்மா. பாட்டுல கொன்னா. சொன்னா சிரிப்பிய. சிரிச்சிக்கிடுங்க, ஆனா முழுசாக் கேட்டுட்டுச் சிரிங்க. இப்பதான தென்காசியை விட்டு வெளிய வந்திருக்கு, திருநெல்வேலி போய்ச் சேர இன்னும் நேரம் கெடக்கு.

எங்க ஆளுவ கல்யாணத்துல ஏசல்னு ஒண்ணு உண்டு. நிக்காஹ் முடிஞ்சி மாப்பிள்ளை வீட்டுப் பொம்பளைய எல்லாம் பொண்ணு வீட்டுக்கு வருவாவ. வந்த உடனே சோறு போட்டுர மாட்டோம். பாயை விரிச்சி ரெண்டு பக்கமும் எதிரும் புதிருமா உக்காருவோம். தாம்பாளத்தைத் தட்டிக்கிட்டு நாங்க அவியளை ஏசுவோம், பாட்டாவே. அப்புறம் அவிய எங்களை ஏசுவாவ. கறுப்புன்னு ஏசுவோம், கஞ்சம்னு ஏசுவோம், வந்த வண்டியை ஏசுவோம், கொண்டாந்த அல்வாவை ஏசுவோம். யாரும் கோவப்படக் கூடாது. வெளி ஆளை ஏச முடியுமா? இப்ப நான் உங்களை ஏசினா நீங்க சும்மா இருப்பியளா? சொந்தக்காரியைத்தான் ஏச முடியும். ஏசி முடிச்சிட்டு ஒரே சஹன்ல, அதான் பெரிய தட்டுல, நாலு நாலு பேரா உக்காந்து கை வச்சிட்டோம்னா ரெண்டு வீடும் ஒரு வீடு. அதுக்குத்தான் அந்தப் பாட்டே.

பாட்டே கூடாதுன்னு சொல்லுத ஆளுவளும் உண்டு. என் தெருவுலயே உண்டு. அவியளோட எனக்கு ஒரு வழக்கும் இல்லை. மொகத்துக்கு நேரா சொல்லுதாவ. நானும் மொகத்துக்கு நேரா, 'சரி, காதைப் பொத்திக்கிடுங்க'ன்னு சொல்லிட்டுப் பாடுதேன். இவ அப்படியா? பாட உக்காந்து, தாம்பாளத்தைக் கையில வாங்கி, சிரிச்ச மொகமா இருந்துக்கிட்டுல்லா செய்தா.

மேலப்பாளையத்துல ஏசல்னா ஐனுல் பீவியைக் கூப்பிடுன்னுதான் சொல்லுவாவ. நான்தான் ஐனுல் பீவி. எனக்கு எதிரா உக்காருத பொம்பளைக்கு வேர்த்து ஊத்தும். பெருமைக்குச் சொல்லல. பெருமைக்குத்தான் சொல்லுதேன், என்ன இப்ப.

ஏசலுக்கு ஒரு வரிசை இருக்கு பாத்துக்கிடுங்க. அதை யாரும் மாத்தக் கூடாது. முதல்ல மாப்பிள்ளை. அப்புறம் மாப்பிள்ளையைப் பெத்த வாப்பா. அப்புறம் உம்மா. அப்புறந்தான் மத்த சொந்தம் எல்லாம். பொண்ணு பக்கமும் அப்படித்தான், பொண்ணு, வாப்பா, உம்மா. மவுத்தானவியளை மட்டும் ஏசல்ல இழுக்க மாட்டோம். செத்தவியளுக்கு துஆ ஓதத்தான் செய்யணும், ஏசல் கெடையாது. அதனால வாப்பா இல்லைன்னா அந்த அடியைப் பாடாம உம்மாவுக்குத் தாண்டிரணும். தாண்டினாலே கேக்குதவியளுக்குப் புரிஞ்சிரும். வாயைத் தொறந்து சொல்ல வேண்டாம்.

அந்த வாப்பா அடியில ரெண்டு எடம் காலியா இருக்கும். ஆளு பேரு ஒண்ணு, பொழைக்கப் போன ஊரு ஒண்ணு. எங்க ஆம்பளைய முக்காவாசிப் பேரு வெளியூருதானே. இன்னொண்ணும் சொல்லுதேன் கேளுங்க. எங்க வீட்டு ஆளு பேரை நான் வாயால சொல்ல மாட்டேன். ஜெசிமா வாப்பான்னுதான் சொல்லுவேன். எனக்கு முன்னால வேற பொம்பளையளும் சொல்ல மாட்டாவ. சம்பந்தி வாயால, ஏசல்லதான், அத்தனை பேருக்கு முன்னால அந்தப் பேரு என் காதுல விழும். அந்த ஒரு நாளுக்கு நான் எத்தனை வருசம் காத்துக் கெடந்தேன் தெரியுமா? ஊர்ல உள்ளவ வீட்டு ஆம்பளை பேரையெல்லாம் நான் பாடியிருக்கேன். எனக்குன்னு ஒரு நாள் வரணும்லா.

வந்திச்சி. வந்து என்ன ஆச்சின்னு கேளுங்க.

முதல்ல நாங்க. நான் ஆரம்பிச்சேன்:

மாப்பிள்ளை வாராரு மல்லியப்பூ மாலையில
மூக்கு முன்ன வருது பாரு முகம் வருது பின்னால

மருமவன் மூக்கு அப்படித்தான் இருக்கும், இந்தப் புள்ளைக்கு வராம இருந்தாச் சரி. எல்லாவளும் விழுந்து விழுந்து சிரிக்காளுவ. அடுத்தது மாப்பிள்ளையைப் பெத்த வாப்பா. விடுவேனா?

கொழும்பு போன மீராசா கொண்டு வந்தது என்னடி
கோடாலித் தைலம் ஒண்ணு கூட வந்த குமரி ஒண்ணு

இது எல்லா வீட்டுக்கும் பாடுதது தாம்மா, ஊரை மாத்திப் பேரை மாத்தி. நானா ஒண்ணும் இட்டுக்கட்டல. தௌலத்து பீவி வீட்டு ஆளு கொழும்புக்குக் கடைக்குப் போயி இருவது வருசம் இருக்கும். போனவரு போனவருதான், திரும்பல. ஆனா மவுத்துன்னு யாரும் சொல்லலையே! ஒரு சேதி வரலை, இவ புருசன் செத்தவளாட்டம் வெள்ளை கட்டி இத்தா இருக்கல. அப்ப ஆளு இருக்காருன்னுதானே அர்த்தம்? நான் தாண்டிப் பாடியிருந்தேன்னு வைங்க, அந்தப் பாயிலயே அவளைக் கைம்பொண்ணாக்கின மாதிரி ஆயிருக்கும். அவ மரியாதைக்குத்தான் பாடினேன். அவளும் சிரிச்சா. தலையைக் குனிஞ்சி, முந்தானையால வாயைப் பொத்திக்கிட்டு, தோளு குலுங்கக் குலுங்கச் சிரிச்சா. ரொம்ப நேரம் நிமிரவே இல்லை. அவ நாத்தனா ஓடிப் போயித் தண்ணி கொண்டாந்து குடுத்தா, பாத்துக்கிடுங்க, அவ்வளவு சிரிப்பு. நான் அடுத்த அடிக்குப் போயிட்டேன்.

அப்புறம் அவிய முறை. தௌலத்து பீவி தாம்பாளத்தை வாங்கினா. குரல் நல்லாத்தான் இருக்கும், இல்லைன்னு சொல்ல மாட்டேன்.

பொண்ணு நடந்து வாரா பூமியெல்லாம் ஆடுது
பரணுல பானையெல்லாம் பாதியாப் பொளக்குது

என் மவ கொஞ்சம் பூசின ஒடம்பு, பாக்குதிய இல்லா. நாங்களும் சிரிச்சோம். அடுத்தது பொண்ணைப் பெத்த வாப்பா. பாயில நிமிந்து உக்காந்தேன். சேலைத் தலைப்பைச் சரி பண்ணிக்கிட்டேன். அவ என்னை ஒரு பார்வை பாத்தா. பாத்துட்டுத் தாம்பாளத்துல ஒரு தட்டு தட்டி,

பொண்ணைப் பெத்த ஐனுல் பீவி பொங்கி வச்ச சோத்தப் பாரு
கரண்டி உள்ள போயிருச்சு காணலையே ரெண்டு நாளா

என்னைப் பாடுதா! வாப்பாவைத் தாண்டி உம்மாவுக்கு வந்துட்டா!

எனக்கு எப்படி இருந்திருக்கும்? நீங்களே சொல்லுங்க. சிரிச்சிட்டு இருந்தவளுவ எல்லாம் ஒருத்தி மொகத்தை ஒருத்தி பாக்காளுவ. மாப்பிள்ளை வீட்டுக் கெழவி ஒருத்தி, அவளுக்கு எங்க வீட்டு நெலவரம் ஒண்ணும் தெரியாது, பக்கத்துல உள்ளவகிட்ட 'எப்ப மவுத்தானாவ?'ன்னு கேக்கா. என் காதுபடக் கேக்கா. 'சம்பந்தி, ஒரு அடியை விட்டுட்டியளே'ன்னு நான் கேட்டேன். தௌலத்து பீவி அது காதுல விழாத மாதிரி அடுத்த அடிக்குப் போயிட்டா. நான் எந்திரிச்சிட்டேன். பாயை விட்டு எந்திரிச்சி அடுப்படிக்குள்ள போயிட்டேன். சஹன்ல கை வைக்கல. மறுநாள் காலையில அடுத்த தெருக்காரி ஒருத்தி வந்து என் கையைப் புடிச்சிக்கிட்டு, 'மனசைத் தேத்திக்கிட்டிய போல'ன்னு அழுதுட்டுப் போறா. என் மவ கல்யாணத்துக்கு மறுநாளு! அவளை நான் வெளக்குமாத்தால அடிக்காம விட்டது பெருசு. அன்னைக்கே சொல்லி விட்டேன், அந்த விட்ட அடியைத் தௌலத்து பீவி பாடாத வரைக்கும் அவ வாசப்படியை மிதிக்க மாட்டேன்னு.

எங்க வீட்டு ஆளு சவுதியில இருக்காவ. ஜெசிமா எட்டாப்பு படிக்கையில போனாவ. நடுவுல ஒருதரம் வந்துட்டுப் போனாவ. கல்யாணத்துக்கு லீவு கெடைக்கல. அரபிக்காரன் லேசுல விட்டுருவானா? என் கொழுந்தன்தான் வாப்பா எடத்துல நின்னு நிக்காஹ் முடிச்சிக் குடுத்தாவ. போன் பேசுவாவளான்னா கேக்குதிய? ஏன் பேச மாட்டாவ? பேசுவாவ. பாலைவனத்துல டவர் கெடைக்கணும்லா. கடைசியாப் பேசினது நோம்புப் பெருநாளைக்கு. இந்தப் பெருநாள் இல்லை. இதுக்கு முந்தினதும் இல்லை. அதை விடுங்க, பேசினாவளா இல்லையா? பேசுத ஆளு மவுத்தாவாவளா? என்ன நீங்க, அவளைப் போலவே பாக்குதிய.

இப்பம் கதைக்கு வாறேன். தலைப் பிரசவத்துக்குப் பெத்தவ நேர்ல போயிக் கூட்டிட்டு வரணும், அது எங்க வழக்கம். நான் கொழுந்தன் பொஞ்சாதியை அனுப்பிப் பாத்தேன். 'பெத்தவ வரட்டும், அனுப்புதேன்'னுட்டா தௌலத்து பீவி. திமிரைப் பாத்தியளா. நான் அசையல. ஏழாம் மாசம் போச்சி, எட்டும் வந்தாச்சி. நேத்து என் மவ போன்ல அழுதா. 'நீங்க வரலைன்னா நான் இங்கனயே பெத்துக்கிடுதேன், நீங்க உங்க ஏசலைக் கட்டிக்கிட்டு அழுங்க'ன்னு சொன்னா. பெத்தவகிட்டப் பேசுத பேச்சா இது? இருந்தாலும் வயித்துல ஒண்ணை வச்சிக்கிட்டு அழுதா மனசு கேக்குமா? காலையில முதல் பஸ்ஸைப் புடிச்சேன்.

போயி வாசல்லயே நின்னேன். தௌலத்து பீவி ஓடி வந்து, 'வாங்க சம்பந்தி, வாங்க'ங்கா. எதுவுமே நடக்காத மாதிரி! 'அந்த அடியைப் பாடுங்க, வாறேன்'னேன். 'உள்ள வாங்க, பாடுதேன். தெருவுல நிக்க வச்சிப் பாடுனா நாலு பேரு என்ன சொல்லுவாவ'ன்னா. சரின்னு படியேறிட்டேன். ஏறினது என் தப்பு. நெய்ச்சோறும் தால்ச்சாவும் ஆக்கி எறக்கி வச்சிருந்தா. 'கை கழுவ மாட்டேன், பாட்டு முதல்ல'ன்னேன். அவ உடனே பாயை விரிச்சா. தாம்பாளத்தை எடுத்துட்டு வரச் சொன்னா. அவ நாத்தனாவும் வந்து உக்காந்தா. என் மவ கதவுல சாஞ்சி நின்னுக்கிட்டு, 'ரெண்டு பேருக்கும் வேற வேலை இல்லையா'ங்கா.

தாம்பாளத்தை மடியில வச்சிக்கிட்டுத் தௌலத்து பீவி கேக்கா, "ஊரு எதுன்னு சொல்லுங்க சம்பந்தி."

"எந்த ஊரு?"

"ஜெசிமா வாப்பா இருக்குத ஊரு. அடியில ஊரு வரணும்லா."

"சவுதி"ன்னேன்.

"சவுதி நாடுல்லா? நீங்க எங்க வீட்டு ஆளுக்குக் கொழும்புன்னு பாடினிய, இலங்கைன்னா பாடினிய? ஊரு பேரைச் சொல்லுங்க."

எனக்குப் பத்திக்கிட்டு வந்திச்சி. 'கல்யாணத்துல கேக்காத கேள்வியை இப்ப எதுக்குக் கேக்குதிய?'ன்னேன். அதுக்கு அவ குரலைத் தாழ்த்திச் சொல்லுதா, "கேட்டேன் சம்பந்தி. கல்யாணத்துக்கு முந்தின நாளே ஜெசிமாகிட்ட ஆளை விட்டுக் கேட்டேன். பேரைச் சொல்லி விட்டா. ஊரு தெரியாதுன்னு சொல்லி விட்டா. பாயில வச்சி உங்ககிட்ட கேக்கலாம்னு நிமிந்து பாத்தேன். அத்தனை பேரு இருக்காவ, உங்களுக்கும் தெரியலைன்னா என்ன செய்ய? அதான் தாண்டினேன்."

பாத்தியளா நியாயத்தை? எனக்குத் தெரியாதாம்! என் வீட்டு ஆளு எங்க இருக்காவன்னு எனக்குத் தெரியாதாம்! வந்த கோவத்துல நான் 'தமாம்'னேன். சத்தமாவே சொன்னேன். இன்னைக்குக் காலையில தென்காசி பஸ் ஸ்டாண்டுக்கு எதிர்ல ஒரு டிக்கெட் போடுத கடையில ரியாத், ஜித்தா, தமாம்னு போர்டு எழுதியிருந்திச்சி, அந்தக் கடைசிப் பேரு வாயில வந்திருச்சி. வாய்க்குள்ள ஒரு ஊரு வரணும்லா அந்த நேரத்துல.

அவ என்னை ஒரு மாதிரிப் பாத்தா. பாத்துட்டுப் பாடினா.

தமாம் போன காஜா மைதீன் கொண்டு வந்தது என்னடி
அத்தருப் புட்டி ஒண்ணு அரபிக் குமரி ஒண்ணு

பாட்டுல வந்தா நான் அந்தப் பேரைச் சொல்லலாம், குத்தமில்லை. நல்லாத்தான் பாடினா. ஒரு தரம் இல்லை, ரெண்டு தரம் பாடினா. காஜா மைதீன், காஜா மைதீன்னு அந்தப் பேரு வீடு பூரா கேக்கு. எனக்குச் சிரிப்பு வந்திச்சி. ரொம்ப வந்திச்சி. முந்தானையை வாயில வச்சிப் பொத்தினேன், அப்பவும் நிக்கல. அவ எந்திரிச்சி வந்து என் பக்கத்துல உக்காந்து கையைப் புடிச்சிக்கிட்டா. "எனக்கும் முதல்ல கொழும்புல ஒரு தெரு பேரு தெரியும் சம்பந்தி. அப்புறம் கொழும்பு மட்டும்தான் தெரியும். இப்ப உங்க பாட்டுல தவிர எங்கயும் இல்லை"ன்னா.

நான் கையை உதறிட்டேன். என்னையும் அவளையும் எதுக்கு ஒண்ணாச் சேக்கா? அவ வீட்டு ஆளு இருவது வருசமா இல்லை. எங்க வீட்டு ஆளு பெருநாளைக்குப் பேசினாவன்னு சொன்னேனா இல்லையா? சோத்துல கை வச்சேன், நாலு வாய் தின்னேன், மவளைக் கூட்டிட்டுக் கெளம்பிட்டேன். அவளே பலகாரச் சட்டியைக் கட்டிக் குடுத்தா. பேச்சு முடிஞ்சிது, நான் கேட்டது கெடைச்சிது, சண்டை தீந்துது. அப்படித்தானே நீங்களும் நெனைக்கிய?

இல்லை. எங்க தீர விட்டா?

கடையநல்லூர்ல பஸ் ஏறினதுல இருந்து என் மவ மொகத்துல ஒரே சிரிப்பு. தென்காசியில பஸ் மாறும்போது என் காதுல வந்து, 'உம்மா, வாப்பா தமாம்லயா இருக்காவ? உங்களுக்கு எப்ப சொன்னாவ? என்கிட்ட ஏன் சொல்லல?'ங்கா. ஏறுடீ, பஸ் கெளம்பப் போவுதுன்னேன். இப்பம் கொஞ்சம் முந்தி, நீங்க டிக்கெட் வாங்கிட்டு இருக்கையில, அங்க இருந்து திரும்பிச் சொல்லுதா கேட்டியளா? 'உங்க மருமவன் சேக்காளி ஒருத்தரு தமாம்ல இருக்காராம். போன் பண்ணிட்டாவளாம். வார வெள்ளிக்கிழமை லீவாம், போயி வாப்பாவைப் பாத்து, புள்ளை பொறக்கப் போவுதுன்னு சொல்லிட்டு, ஒரு போட்டோவும் புடிச்சி அனுப்புதேன்னு சொல்லியிருக்காராம். கம்பெனி பேரை மட்டும் கேட்டுச் சொல்லுங்க உம்மா'ன்னு. கண்ணு ரெண்டும் எப்படி மின்னுது தெரியுமா அவளுக்கு. எட்டாப்பு படிக்கும்போது இருந்த மொகம்.

எல்லாம் அந்தத் தௌலத்து பீவியால வந்தது. ஊரைக் கேக்காம அவளே ஒரு ஊரைப் போட்டுப் பாடினா என்ன? ரியாத்னு போட்டா நான் வேண்டாம்னா சொல்லப் போறேன்? நான் அவ வீட்டு ஆளுக்கு ஊரு கேட்டுக்கிட்டா இருந்தேன்? கொழும்புன்னு நானாப் போடலை? எவளாவது கேப்பாளா இப்படி, மவளைப் பக்கத்துல நிக்க வச்சிக்கிட்டு?

ஐயோ, திரும்புதா. அந்தா, பின்னால திரும்புதா பாருங்க. அந்தப் பக்கம் பாக்காதிய. என் மொகத்தைப் பாத்து ஏதாவது பேசுங்க. உங்களுக்கு எத்தனை புள்ளைய? எந்தத் தெரு? என்ன வேணும்னாலும் சொல்லுங்க, சும்மா இருக்காதிய, பேசுங்கம்மா.